மகாத்மா உருவான கதையை ஆராய்ந்த தாம்பரத்துப் பேராசான்
டாக்டர் சந்திரன் தேவநேசன்

மனிதன் தன் உரிமையை எங்கே கற்றுக்கொள்கிறான்? வரலாறு பயில்வோர் 1789ஆம் ஆண்டின் பிரெஞ்சு மனித உரிமைப் பிரகடனத்தைச் சுட்டுவர். 1948 டிசம்பர் 10ஆம் நாள் பாரிசு நகரில் ஐக்கிய நாடுகள் பேரவை ஏற்ற உலகளாவிய பிரகடனத்தையும் சுட்டுவர். ஆயின், ஏட்டில் எழுதிய உரிமை, மக்கள் கூடி இயங்கும் சங்கங்களில் பழக்கமாக மாறினாலன்றி உயிர்பெறுவதில்லை. இதனை எண்ணுங்கால் நம் நினைவில் எழுபவர் தாம்பரத்தில் பணிபுரிந்த வரலாற்றறிஞர் டாக்டர் சந்திரன் தேவநேசன் ஆவார்.

தாம்பரத்தில்

தேவநேசன் 1917ஆம் ஆண்டு பிறந்தார். சென்னை நகரின் நடுவே இயங்கிய கிறித்தவக் கல்லூரி 1937இல் தாம்பரத்துப் புதர்க்காட்டிற்கு இடம்பெயர்ந்தது. கடற்கரைக்கும் தாம்பரத்திற்கும் இடையே 1931இலேயே மின்தொடர்வண்டி ஓடத் தொடங்கியிருந்தமையால், நகரத்து மாணவர்க்கு இவ்வூர் எட்டாத தொலைவாக இல்லை. ஐரோப்பியரே முதல்வராக வீற்றிருந்த அக்கல்லூரியில், 1962ஆம் ஆண்டு முதல் இந்திய முதல்வராகத் தேவநேசன் பொறுப்பேற்றார். நாடு விடுதலை பெற்றுப் பதினைந்து ஆண்டுகள் கடந்த பின்னரே அப்பொறுப்பு இந்தியர் ஒருவரிடம் வந்தது என்பது நினைக்கத்தக்கது.

நூலும் நோக்கும்

காந்தியடிகளின் நூற்றாண்டு விழா நாடெங்கும் கொண்டாடப்பெற்ற 1969இல் அவருடைய ‘த மேக்கிங் ஆஃப் த மகாத்மா’ என்னும் ஆங்கில ஆய்வு நூல் வெளிவந்தது. சிலைகளும் மாலைகளும் மலிந்த ஆண்டு அது. அவ்வாண்டில் இவ்வறிஞர் காந்தியடிகளின் முதல் நாற்பது ஆண்டுகளை ஆய்வுப் பொருளாகக் கொண்டார். மகாத்மா பிறக்கவில்லை, உருவானார் என்பதை நூலின் பெயரே உணர்த்தும். வழிபடுவோர்க்கு வியப்பு போதும். வரலாற்றாசிரியர்க்குக் காரணம் வேண்டும். அந்நாற்பது ஆண்டுகளில் நிகழ்ந்தவற்றுள் சிலவற்றை ஈண்டு நினைவுகூர்தல் தகும்.

சட்டம் பயில 1888இல் இலண்டன் சென்ற காந்தி, அங்குள்ள மரக்கறி உணவாளர் சங்கத்தின் செயற்குழுவில் இடம்பெற்றார். குடும்பக் கட்டுப்பாட்டை ஆதரித்த டாக்டர் அல்லின்சனைச் சங்கத்திலிருந்து நீக்கத் தலைவர் முனைந்தார். அல்லின்சனின் கருத்து காந்திக்கும் உடன்பாடன்று. ஆயினும், சங்கத்தின் நோக்கத்தோடு தொடர்பில்லாத கருத்திற்காக ஒருவரை நீக்குதல் முறையன்று என எதிர்த்தார். கூச்சத்தால் எழுந்து பேச இயலாமல், தாம் எழுதியதைப் பிறரைக் கொண்டு படிப்பித்தார். வாக்கெடுப்பில் தோல்வியே கிட்டியது. எனினும், உடன்படாதவனின் உரிமைக்கும் வாதாடும் பண்பினை அச்சிறு குழுவிலேயே அவர் பழகிக்கொண்டார்.

தென்னாப்பிரிக்காவில் அவ்வுரிமை பெரும் போராட்டமாக வளர்ந்தது. தாதா அப்துல்லா நிறுவனத்தின் வழக்கிற்காக 1893இல் அங்குச் சென்றவரை, இந்தியரின் வாக்குரிமையைப் பறிக்கும் சட்டமுன்வடிவை எதிர்க்க வேண்டித் தங்கச் செய்தோர் முஸ்லிம் வணிகப் பெருமக்களே. 1894இல் நேட்டால் இந்தியக் காங்கிரசு தோன்றியது. முன்பற்கள் உடைபட, தலைப்பாகையைக் கையில் ஏந்தி வந்து நின்றார் பாலசுந்தரம் என்னும் தமிழ் ஒப்பந்தக் கூலி. தலைப்பாகையை அணிந்துகொள்ளச் செய்த பின்னரே காந்தி அவருடைய வழக்கை நடத்தினார். 1906 செப்டம்பர் 11ஆம் நாள் சோகனசுபர்க்கு நகர எம்பயர் நாடக அரங்கில் கூடிய கூட்டத்தில், இழிவுபடுத்தும் பதிவுச் சட்டத்திற்குப் பணிவதில்லை என்று இறைவனைச் சான்றாக வைத்து முதலில் உறுதிமொழிந்தவர் ஹாஜி ஹபீப். காந்தியை மகாத்மாவாக்கியதில் குசராத்தி வணிகர்க்கும் தமிழ்த் தொழிலாளர்க்கும் பங்குண்டு என்பதை நாம் மறத்தலாகாது.

நூலைக் கடந்து

தேவநேசனார் நூலோடு நின்றுவிடவில்லை. வீடற்ற எளியோர்க்காகத் தோன்றிய ‘ரூஃப்ஸ் ஃபார் த ரூஃப்லெஸ்’ என்னும் தொண்டமைப்போடு அவர் பெயர் இணைந்துள்ளது. 1973இல் சில்லாங்கைத் தலைமையிடமாகக் கொண்டு வடகிழக்கு மலைப் பல்கலைக்கழகம் நிறுவப்பெற்றபோது, அதன் முதல் துணைவேந்தராகும் பேறு தாம்பரத்துப் பேராசிரியராகிய அவருக்கு வாய்த்தது. மேகாலயம் தனி மாநிலமாகி அப்போது ஓராண்டே கடந்திருந்தது. பல இனங்களும் பல மொழிகளும் வாழும் மலைநாட்டில் உயர்கல்விக்கு அடித்தளமிட்ட அப்பெருந்தகை 1982இல் மறைந்தார்.

நாம் கொள்ளவேண்டுவது

மாணவச் செல்வங்களே! தாம்பரமும் சேலையூரும் பல்லாவரமும் இன்று மாநகரின் பரபரப்பில் திளைக்கின்றன. கல்லூரி மன்றங்களில், ஊர்ச் சங்கங்களில், பள்ளிவாசல் நிர்வாகக் குழுக்களில் கருத்து வேறுபாடு எழும்போதெல்லாம், எழுந்து பேசவும் கூசிய அவ்விலண்டன் மாணவரை எண்ணிப்பாருங்கள். நமக்கு உடன்பாடில்லாதவரின் இருக்கையைக் காத்துக் கொடுப்பதே உரிமைக் கல்வியின் முதற்பாடம். மாமனிதர் உருவாக்கப்படுவர் என்றால், அவர்களை உருவாக்கும் கடமை நம் மன்றங்களுக்கும் உண்டன்றோ? அதனைச் செய்தலே தேவநேசனார்க்கு நாம் செலுத்தும் நன்றிக்கடனாகும்.