பட்டாம்பூச்சியை அளந்த இன்ஜினியர்

உங்க ஜியோமெட்ரி பாக்ஸில் இருக்கும் 15 செ.மீ. ஸ்கேலை எடுங்கள். ஒரு பட்டாம்பூச்சியை அளக்க அது பத்தாது என்றால் நம்புவீர்களா? பத்தாதுதான்! அதை எழுதி வைத்தவரும் நம்ம ஆளு... ஒரு இன்ஜினியர்.

வில்லியம் ஹாரி எவன்ஸ் பிறந்தது 1876-ல். பிரிட்டிஷ் ராணுவத்தின் ராயல் இன்ஜினியர்ஸ் படையில் சேர்ந்து பிரிகேடியராக உயர்ந்தவர். இந்தியாவில் வேலை பார்த்துக்கொண்டே பட்டாம்பூச்சிகளை ஆராய்ந்தார். இந்தியப் பட்டாம்பூச்சிகளை இனம் காணும் அவரது நூல் 1927-ல் வந்தது. அதில் வர்ணனை கம்மி, அட்டவணைதான் அதிகம். சிறகின் நரம்பு, நிறம், அளவு என்று படிப்படியாகப் போனால் பெயர் கிடைத்துவிடும்!

1932-ல் மேற்குத் தொடர்ச்சி மலையின் பேர்ட்விங் பட்டாம்பூச்சிக்கு அவர் தந்த அளவு, சிறகு விரித்தால் 190 மி.மீ. இந்தியாவில் 88 வருஷம் அதை மிஞ்ச ஆளில்லை. 2020-ல்தான் உத்தராகண்டின் கோல்டன் பேர்ட்விங் ஒன்று 194 மி.மீ. என்று முந்தியது.

ஓய்வுக்குப் பிறகும் லண்டன் அருங்காட்சியகத்தில் ஸ்கிப்பர் வகைப் பட்டாம்பூச்சிகளைத் தரம் பிரித்தார். 1956-ல் மறைந்தார்.

பேர்ட்விங் புழுவுக்கு ஈஸ்வரமூலி இனக் கொடிகள்தான் சாப்பாடு. கொடி போனால் பூச்சியும் போச்சு! அதன் உறவான சிவப்பு உடல் பட்டாம்பூச்சி நம்ம சமவெளியில் ஆடுதீண்டாப்பாளையை நம்பி வாழ்கிறது. நாவலூர் பக்கம் காலி மனையில் சர்வே போகும்போது அந்தச் செடியைப் பார்த்தால், களை என்று பிடுங்கிவிடாதீர்கள். எது குறைகிறது என்பது அளப்பவனுக்குத்தானே முதலில் தெரியும்!