வால்ட் விட்மனும் அவர்தம் சரிதம் வரைந்தோரும்

அடையாறு கடலொடு கலக்கும் முகத்துவாரத்தின் தென்பால் ஊரூர் ஒல்காட் குப்பம் என்னும் மீனவர் ஊர் உளது. முன்னாளில் கட்டுமரங்கள் கிடந்த மணலில் இப்பொழுது பைபர் படகுகள் நிற்கின்றன. எனினும் வலை செப்பனிடும் கைகளின் விரைவு மாறிற்றில்லை. அவ்வூர்ச் சிறுவர்க்குப் பாடஞ் சொல்லிக் கொடுக்கும் பொருட்டு யாமும் எம் தோழர் சிலரும் சனிக்கிழமை மாலைதோறும் அங்குச் செல்வதுண்டு. ஒருநாள், வலையின் கிழிசலைத் தைத்துக்கொண்டிருந்த முதியவர் ஒருவர் எம்மைத் தம்பி என அழைத்து, தம் ஊர்ப் பெயரிலுள்ள ஒல்காட் என்பார் யாவர், பாட்டுக் கட்டியவரா, நாடாண்டவரா என வினவினார். தமிழ் ஆனர்ஸ் வகுப்பிற் பயிலும் எமக்கு விடை தெரிந்திலது. நாணத்துடன் திரும்பினோம்.

நூலகத்திற் புகுந்து தேடியபொழுது, கர்னல் ஹென்றி ஸ்டீல் ஒல்காட் என்பார் 1832-ஆம் ஆண்டு அமெரிக்காவிலுள்ள நியூ ஜெர்சியிற் பிறந்தவர் என்றும், அந்நாட்டு உள்நாட்டுப் போர்க்காலத்தில் சேனைக்குப் பொருள் வழங்குவதில் நிகழ்ந்த மோசடிகளை ஆராய்ந்தவர் என்றும், ஆபிரகாம் லிங்கன் கொலையை விசாரித்தோருள் ஒருவர் என்றும் அறிந்தோம். 1875-இல் நியூயார்க்கில் பிரம்மஞான சபையைத் தோற்றுவித்தோருள் அவரும் ஒருவர். 1882 முதல் அச்சபையின் தலைமையிடம் அடையாறாயிற்று. 1894-இல் தாழ்த்தப்பட்டோர் மக்கட்கென இலவசப் பாடசாலை ஒன்றைத் தொடங்கிய அவர், 1907-இல் அடையாற்றிலேயே உயிர் நீத்தார். அவர் பாட்டுக் கட்டியவரல்லர். ஆயினும், அதே போர்க்காலத்தில், அதே லிங்கனுக்காகக் கண்ணீர் விட்டு, முடிவில் அதே நியூ ஜெர்சியில் மறைந்த புலவர் ஒருவரை அத்தேட்டத்தின்போது எதிர்ப்பட்டோம். அவரே வால்ட் விட்மன். அவர் சரிதத்தையும், அதனை எழுதினோர் பட்ட பாட்டையும் நம் கல்லூரி அன்பர்க்கு எடுத்துரைத்தலே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

விட்மன் 1819-ஆம் ஆண்டு மே மாதம் 31-ஆம் நாள் லாங் தீவிலுள்ள வெஸ்ட் ஹில்ஸ் என்னும் சிற்றூரிற் பிறந்தார். தந்தையார் தச்சர், பிள்ளைகள் பலர், வறுமையோ பெரிது. குடும்பம் புரூக்ளினுக்குக் குடிபெயர்ந்தது. ஏறக்குறையப் பதினோராம் வயதிலேயே விட்மனது பள்ளிப்படிப்பு முடிந்தது. பின்னர் வழக்கறிஞரிடம் ஏவலாளாகவும், அச்சுக்கூடத்தில் எழுத்துக் கோப்போனாகவும், நாட்டுப்புறப் பள்ளிகளில் உபாத்தியாயராகவும், பத்திரிகாசிரியராகவும் மாறி மாறி உழைத்தார். அடிமை முறை புதிய நிலப்பகுதிகளிற் பரவலாகாது என்று எழுதியமை காரணமாக 1848-இல் ‘புரூக்ளின் ஈகிள்’ பத்திரிகையில் தமக்கிருந்த பதவியை இழந்தார். அவ்வாண்டே நியூ ஆர்லியன்ஸ் சென்று சில திங்கள் தங்கியபொழுது, மக்களை மக்கள் விலை கூறி விற்குங் கொடுமையை அருகிருந்து கண்டார்.

1855-இல் ‘புல்லின் இதழ்கள்’ என்னும் அவரது நூல் வெளிவந்தது. தலைப்பில்லாத பன்னிரண்டு பாடல்கள். முகப்பேட்டில் ஆசிரியர் பெயர் இல்லை. கழுத்துப் பொத்தான் திறந்த சட்டையுடன் தொழிலாளி போல் நிற்கும் உருவப்படம் ஒன்றே உண்டு. அச்சிட்டவை 795 படிகள். எழுத்துக்கள் சிலவற்றை அவரே தம் கையாற் கோத்தார். வாங்குவோர் அரியராயினர். ஆனால் அறிஞர் எமர்சன் அந்நூலை வியந்து ஒரு கடிதம் விடுத்தார். விட்மன் அதனை எமர்சனது இசைவு பெறாமலே பத்திரிகையில் வெளியிட்டதுடன், மறுபதிப்பின் முதுகிலும் அதிலிருந்து ஒரு வாக்கியத்தைப் பொறித்துக்கொண்டார். இன்னும், தம் நூலுக்குத் தாமே பெயரின்றி மூன்று மதிப்புரைகளும் எழுதினார். இவற்றை மறைத்தல் நேர்மையன்று. பெரியோரிடத்தும் சிறுமை உண்டென்பதைச் சரிதம் படிப்போர் முதற்கண் உணர்தல் வேண்டும்.

எனினும் 1862-ஆம் ஆண்டின் இறுதியில் அவர் வாழ்வு வேறு வழியிற் சென்றது. போரிற் காயமுற்ற தம்பியைத் தேடி வர்ஜீனியாப் போர்க்களஞ் சென்றவர், தம்பி நலமாயிருக்கக் கண்டும் வீடு திரும்பினாரில்லை. வாஷிங்டன் நகரிலேயே தங்கி, எழுத்தர் வேலையிற் கிடைத்த சிறு வருவாயைக் கொண்டு மருத்துவச்சாலை தோறும் சென்றார். பழம், இனிப்பு, காகிதம், தபால் தலை, சில்லறைக் காசு ஆகியன அவர் பையில் எப்பொழுதும் இருக்கும். எழுத அறியாத போர்வீரர்க்காக அவர்தம் தாய்மார்க்குக் கடிதம் எழுதினார். இறப்போர் அருகில் இரவெல்லாம் அமர்ந்திருந்தார். அறுநூறு தடவைக்குமேற் சென்று, எண்பதினாயிரத்திற்குக் குறையாத நோயாளரைக் கண்டதாக அவரே கணக்கிட்டார். வடவர் தென்னவர் என்ற வேற்றுமையை அவர் பாராட்டினாரல்லர். நோயாளியைக் காண வருவதும் ஆண்டவர் தமக்கே செய்ததாக ஏற்றுக்கொள்ளும் தொண்டென்று வேதத்திற் படித்த நமக்கு, திருச்சபை எதனையும் சாராத இம்மனிதரின் செயல் சிந்திக்கத்தக்கதன்றோ?

போர் முடிந்த 1865-ஆம் ஆண்டிலேயே லிங்கன் கொலையுண்டார். விட்மன் பாடிய இரங்கற்பாக்கள் அமெரிக்க இலக்கியத்தில் நிலைபெற்றன. அதே ஆண்டு ஜூன் திங்களில் உள்துறை அமைச்சர் ஜேம்ஸ் ஹார்லன், ஒழுக்கக்கேடான நூலை இயற்றியவர் என்று கருதி விட்மனை வேலையினின்று நீக்கினார். இந்த ஹார்லன் முன்னர் மெதடிஸ்டுக் கல்லூரி ஒன்றன் தலைவராயிருந்தவர். நம்மைப் போன்றதொரு கல்லூரியினின்று வந்தவரே நோயாளர்க்கு உழைத்த ஒருவரை நூலொன்றைக் கொண்டு தீர்த்துவிட்டார் என்று படித்தபொழுது எமக்கு வருத்தம் மிகுந்தது. நண்பர்கள் முயற்சியால் மறுநாளே அவர்க்கு வேறு துறையில் வேலை கிடைத்தது.

இங்கிருந்தே விட்மன் சரித நூல்களின் சரிதம் தொடங்குகின்றது. நண்பர் ஓகானர் வெகுண்டெழுந்து 1866-இல் ஒரு சிறு நூல் வெளியிட்டு, நரைத்த தாடியுடைய நல்ல கவிஞர் என்னும் உருவத்தை நாட்டின் மனத்திற் பதித்தார். 1867-இல் ஜான் பர்ரோஸ் என்னும் இயற்கை நூலாசிரியரும், 1883-இல் பக் என்னும் மருத்துவரும் வாழ்க்கை வரலாறு எழுதினர். பிற்கால ஆராய்ச்சியாளர் கையெழுத்துப் படிகளை ஒப்புநோக்கியபொழுது, இவ்விரு நூல்களிலும் பல பகுதிகள் விட்மனே எழுதியவை அல்லது திருத்தியவை எனப் புலனாயிற்று. அன்பர் பெயரால் தம்மைத் தாமே வரைந்துகொண்டார் அவர்.

1873-இல் பக்கவாத நோய் அவரைத் தாக்கியது; அன்னையாரும் அவ்வாண்டே மறைந்தார். அதன்பின் நியூ ஜெர்சியிலுள்ள காம்டன் நகரில் வாழ்ந்தார். ஹோரஸ் டிராபல் என்னும் இளைஞர் 1888 முதல் ஏறக்குறைய நாடோறும் சென்று, முதியவர் பேசியவற்றையெல்லாம் குறித்து வைத்தார். 1906-இல் வெளிவரத் தொடங்கிய அக்குறிப்புக்கள் ஒன்பது தொகுதிகளாகி 1996-இல் தான் நிறைவெய்தின. மகாவித்துவான் மீனாட்சிசுந்தரம் பிள்ளையவர்கள் சரிதத்தைச் சாமிநாதையர் எழுதியிராவிடின் நாம் எவ்வளவு இழந்திருப்போம் என்று எண்ணுவோர்க்கு டிராபலின் அருமை விளங்கும். விட்மன் 1892-ஆம் ஆண்டு மார்ச்சு 26-ஆம் நாள் காலஞ்சென்றார். பன்னிரண்டு பாடல்களாய்த் தொடங்கிய நூல் அப்போது நானூற்றை நெருங்கி வளர்ந்திருந்தது.

அன்பர் தலைமுறை கழிந்தபின் ஆராய்வோர் தலைமுறை வந்தது. தமக்குப் பிள்ளைகள் அறுவர் உண்டென்று விட்மன் முதுமையில் ஒருவர்க்கு எழுதியதை நம்பி, நியூ ஆர்லியன்ஸில் காதல் கதை ஒன்றைப் பழைய சரிதக்காரர் கற்பித்தனர். அதற்குச் சான்று எதுவும் கிட்டவில்லை. எமரி ஹாலோவே என்பார், மங்கை ஒருத்தியைப் பற்றியதென அச்சிட்ட பாடல் கையெழுத்துப் படியில் ஓர் ஆடவனைப் பற்றியதாயிருத்தலைக் கண்டார். 1926-இல் அவர் எழுதிய சரிதம் புலிட்சர் பரிசு பெற்றது. விட்மனது காதல் பெரும்பாலும் ஆடவர்பாலே சென்றதென்பது இற்றை ஆய்வாளர் பலர் துணிபு. 1955-இல் கே வில்சன் ஆலனும், 1995-இல் டேவிட் ரெனால்ட்ஸும் எழுதிய பெருநூல்கள் அவரைக் காலச் சூழலில் நிறுத்திக் காட்டின. அடிமை முறையை வெறுத்த அவரே, விடுதலை பெற்ற கறுப்பர்க்கு வாக்குரிமை நல்குவதில் ஐயுற்றார் என்பதும், அதுபற்றிய வாதத்தால் ஓகானரும் அவரும் சுமார் பத்தாண்டு பிரிந்திருந்தனர் என்பதும் இன்று மறைக்கப்படுவதில்லை.

இனி, விட்மன் பாடியவை பாட்டாகுமா என்னும் வழக்கு எம் வகுப்பிலும் எழுந்தது. வெண்பாவிற் சீர் பிறழ்ந்தால் மதிப்பெண் இழக்கும் யாம், எதுகை மோனை தளை ஒன்றுமில்லாததனை எங்ஙனம் பாட்டென்போம்? இவ்வினாவைத் தமிழில் முதற்கண் எதிர்கொண்டோருள் பாரதியார் சிறந்தவர். ‘நகரம்’ என்னும் கட்டுரையில் அவர் விட்மனை அறிமுகஞ் செய்து, அவர் பாட்டு வசனம் போன்றிருப்பினும் கவிதை பொருளில் உள்ளதென விளக்கினார். தாமும் வசன கவிதைகள் இயற்றினார். பின்னர் ந. பிச்சமூர்த்தி, விட்மன் நூலைப் படித்ததே தம் புதுக்கவிதை முயற்சிக்குத் தூண்டுகோலாயிற்றெனக் கூறியுள்ளார். தொல்காப்பியர் யாப்பின் வகை ஏழனுள் உரையையும் ஒன்றாக வைத்தார். சிலப்பதிகாரத்தில் உரையும் பாட்டும் விரவி நிற்கின்றன. மேலும், விட்மனின் நீண்ட அடிகளுக்கு ஆங்கில வேதாகமத்தின் சங்கீதங்களும் தீர்க்கதரிசிகளின் வாக்கும் முன்மாதிரி எனத் திறனாய்வாளர் காட்டியுள்ளனர். ஒரு கருத்தை அடுத்த கருத்து எதிரொலித்து நடக்கும் அந்நடையைத் தமிழ்ச் சங்கீத புத்தகத்தில் யாம் சிறுவயது முதல் கேட்டு வருகின்றோம். அது பாட்டன்றென்று எவரும் எமக்குச் சொன்னதில்லை. ஆகலின், யாப்பை அவர் வெறுத்தாரெனக் கொள்ளாது, வேறோர் யாப்பைக் கைக்கொண்டாரெனக் கோடலே பொருந்தும் என்று யாம் வாதித்தோம். தோழர் அனைவரும் உடன்பட்டாரென்று கூறற்கில்லை.

அடுத்த சனிக்கிழமை குப்பஞ் சென்று, ஒல்காட்டைப் பற்றி அறிந்தவற்றை அம்முதியவர்க்குக் கூறினோம். விட்மன் கதையையும் சேர்த்துக் கூறினோம். அவர் வலையினின்று கண்ணெடாமற் கேட்டிருந்து, வேற்றூர்க்காரர் கதைகளைத் தேடிப் படித்தீர்களே, எம் அப்பன் அறிந்திருந்த காற்றின் பெயர்களையும் மீனின் பெயர்களையும் எவரேனும் எழுதி வைத்தனரோ என்றார். அன்றும் எமக்கு விடை தெரிந்திலது. 2015 முதல் சில ஆண்டுகள் அவ்வூரில் இசை விழா நடந்ததும், சபாக்களிற் பாடுவோர் அம்மணலிற் பாடியதும் கேள்வியுற்றுள்ளோம். ஆயின் அவ்வூரார் தம் கதையைக் கேட்டு எழுதியோர் எத்துணையர்?

தச்சர், படகோட்டி, உழவர், செவிலி எனத் தொழில் செய்வோர் பெயர்களை அடுக்கியே பாட்டாக்கியவர் விட்மன். அவர் சரிதக்காரரிடம் யாம் கற்றவை இரண்டு: அன்பில்லாதார் அருகிற் சென்று கேளார், அன்பு மட்டும் உடையார் உள்ளதை உள்ளபடி எழுதார். இவ்விரண்டும் கூடிய எழுத்து நம்முள் எவரிடத்தேனும் தோன்றுமாக. யாமோ ஒரு நோட்டுப் புத்தகம் வாங்கி, அம்முதியவர் சொல்லக் காற்றுக்களின் பெயர்களைக் குறிக்கத் தொடங்கியுள்ளோம். இதுகாறும் நிரம்பியவை நான்கு பக்கங்களே. எம்மொடு வந்து உதவ விரும்பும் மாணவத் தோழர்கள், சனிக்கிழமை மாலை ஐந்து மணிக்குக் கல்லூரி வாயிலில் வந்து சேர்வார்களாக.