சிட் காலின்ஸ்

சிட் காலின்ஸ் (ஜூலை 17, 1922 – மே 2, 1977) ஐக்கிய அமெரிக்காவைச் சேர்ந்த வானொலி அறிவிப்பாளரும் தானுந்துப் பந்தய நேர்முக வருணனையாளரும் ஆவார். 1952 முதல் 1976 வரை நடைபெற்ற 25 இண்டியானாபொலிஸ் 500 பந்தயங்களின் வானொலி ஒலிபரப்பில் தலைமை அறிவிப்பாளராகப் பணியாற்றினார்.

வானொலிப் பணி

இண்டியானா மாநிலத்தின் இண்டியானாபொலிஸ் நகரில் பிறந்த இவரது இயற்பெயர் சிட்னி கான் என்பதாகும். அந்நகரின் டபிள்யூஐபிசி வானொலி நிலையத்தில் பணிபுரிந்தார். 1952 இல் பந்தயத்திடல் நிர்வாகம் தனக்கென ஒரு வானொலி வலையமைப்பை ஏற்படுத்தியபோது அதன் தலைமை அறிவிப்பாளரானார். அடுத்த ஆண்டு முதல் பந்தயம் முழுவதும் ஒலிபரப்பப்பட்டது.

இரண்டரை மைல் நீளமுள்ள ஓடுபாதையில் 200 சுற்றுகள் கொண்ட இப்பந்தயத்தை ஒருவரே ஓரிடத்திலிருந்து முழுமையாகக் காண இயலாது. ஆகவே வளைவுகளிலும் பழுது நீக்கும் பகுதியிலும் தனித்தனி வருணனையாளர்கள் அமர்த்தப்பட்டனர். அவர்களிடையே வருணனையை மாற்றி மாற்றி வழங்கி ஒருங்கிணைப்பது காலின்சின் பொறுப்பாகும். நாடு முழுவதற்குமான நேரடித் தொலைக்காட்சி ஒளிபரப்பு 1986 இல்தான் தொடங்கியது. எனவே இவரது காலத்தில் பெரும்பாலான மக்கள் பந்தயத்தை வானொலி வழியாகவே உடனுக்குடன் அறிந்தனர்.

விளம்பர இடைவேளையை உள்ளூர் நிலையங்களுக்கு உணர்த்த ஒரு நிலையான தொடர் தேவைப்பட்டது. டபிள்யூஐபிசி ஊழியர் அலிஸ் கிரீன் எழுதிய தொடரைக் காலின்ஸ் பயன்படுத்தினார். பந்தய உலகின் மாபெரும் காட்சி என்னும் பொருளுடைய அத்தொடர் பின்னர் போட்டிக்கே அடைமொழியாயிற்று.

1964 விபத்து

1964 மே 30 அன்று பந்தயத்தின் இரண்டாம் சுற்றில் நேர்ந்த தீவிபத்தில் எடி சாக்ஸ், டேவ் மெக்டொனால்ட் ஆகிய ஓட்டுநர்கள் உயிரிழந்தனர். சாக்ஸ் மக்களின் அன்பைப் பெற்றவர். 1961 இல் வெற்றியை நெருங்கிய நிலையில், தேய்ந்த சக்கரத்தை மாற்றுவதற்காக நின்றதால் இரண்டாம் இடம் பெற்றவர். பந்தயம் நிறுத்தப்பட்டிருந்தபோது சாக்சின் மரணச் செய்தி அறிவிக்கப்பட்டது. எவ்வித முன்னேற்பாடும் இன்றிக் காலின்ஸ் அங்கேயே இரங்கலுரை ஆற்றினார். ஆபத்தை அறிந்தே அதனை ஏற்கும் ஓட்டுநர்களின் துணிவை அவ்வுரை எடுத்துரைத்தது. அதன் படியைக் கேட்டு நேயர்கள் பலர் கடிதம் எழுதினர். இவரது பணிவாழ்வில் மிகவும் நினைவுகூரப்படுவது இவ்வுரையே ஆகும்.

இறுதிக் காலம்

இவர் வருணித்த இறுதிப் பந்தயம் 1976 இல் மழை காரணமாக 102 சுற்றுகளுடன் முடிவடைந்தது. ஜானி ரதர்போர்ட் வென்றார். தசைகளை இயக்கும் நரம்பணுக்களைப் படிப்படியாக அழித்து, பேச்சையும் பறிக்கக்கூடிய தீராத நோய் காலின்சுக்கு இருப்பது பின்னர் கண்டறியப்பட்டது. 1977 மே 2 அன்று, அவ்வாண்டுப் பந்தயத்திற்கு நான்கு வாரங்களுக்கு முன்னர், தம் உயிரைத் தாமே மாய்த்துக்கொண்டார். அவருக்குப் பின் பால் பேஜ் தலைமை அறிவிப்பாளரானார். அவ்வாண்டுப் பந்தயத்தில் ஏ. ஜே. ஃபாய்ட் நான்காம் முறையாக வென்று, அச்சாதனையைப் படைத்த முதல் ஓட்டுநரானார்.