அரையணா கற்றுத்தந்த பாடம்

மகாராஷ்டிரத்தின் சதாரா ஊரில், ஏறக்குறைய 125 ஆண்டுகளுக்கு முன்பு, ஒரு சிறுவன் தொடர்ந்து சில இரவுகள் தூங்காமல் விழித்துக் கிடந்தான். பக்கத்தில் அவனுடைய அத்தை மீராபாய் தூங்கிக்கொண்டிருந்தார். அத்தையின் இடுப்பில் செருகியிருந்த சுருக்குப்பையை எப்படியாவது எடுத்துவிட வேண்டும் என்பது அவன் திட்டம். அந்தக் காசில் பம்பாய்க்கு ரயிலேற வேண்டும். அங்கே பஞ்சாலையில் வேலைக்குச் சேர வேண்டும். தாய் இறந்து, அப்பா மறுமணம் செய்துகொண்டதில் அவனுக்குக் கோபம். அப்பாவின் கையை எதிர்பார்க்காமல் பிழைத்துக்கொள்ள நினைத்தான்.

மூன்று இரவுகள் முடியவில்லை. நான்காம் இரவு பை கைக்கு வந்தது. திறந்து பார்த்தால் உள்ளே இருந்தது அரையணா. அதை வைத்துக்கொண்டு பம்பாய்க்குப் போக முடியாது. வெட்கம் பிடுங்கித் தின்றது. ஓடிப்போகும் எண்ணத்தை அன்றோடு விட்டான். சொந்தக் காலில் நிற்க வேண்டுமானால் படித்துத்தான் நிற்க வேண்டும் என்று தனக்குத்தானே முடிவு கட்டிக்கொண்டான். அதுவரை பாடப் புத்தகத்தில் அக்கறை இல்லாமல் திரிந்த பையன் அன்றிலிருந்து மாறினான்.

அந்தச் சிறுவன்தான் பீமராவ். பின்னாளில் அண்ணல் அம்பேத்கர். இந்தச் சம்பவத்தை ஒளிக்காமல் வெளியில் சொன்னவரும் அவரேதான். 1891 ஏப்ரல் 14 அன்று மாவ் ராணுவக் குடியிருப்பில் பிறந்த அவரை நாம் சிலையாகவும் படமாகவும் பார்த்துப் பழகிவிட்டோம். கையில் புத்தகம், நீட்டிய விரல், நீலக் கோட்டு. அந்தச் சிலைக்குப் பின்னால், தன் மனதைத் தானே பிடித்து நிறுத்தப் பழகிய ஒரு மனிதர் இருக்கிறார். தேர்வுக்குப் படிக்கும் நம் பிள்ளைகளுக்கு அதிகம் தேவைப்படுபவர் அவர்தான்.

ஒற்றை அறையில் இரண்டு பேர் தூக்கம்

பம்பாய்க்குக் குடும்பம் குடிபெயர்ந்தபோது கிடைத்தது பரேல் பகுதியில், ஆலைத் தொழிலாளர்கள் வாழ்ந்த வரிசை வீடுகளில் ஓர் அறை. சமையலும் அங்கேதான், விறகும் அங்கேதான், படுக்கையும் அங்கேதான். ஆட்டுக்குட்டி ஒன்றும் அதே அறையில் கிடந்தது. ஒரு பையன் அமைதியாகப் படிக்க அங்கே மூலை கிடையாது.

தந்தை ராம்ஜி சக்பால் ராணுவத்தில் சுபேதாராக இருந்து ஓய்வு பெற்றவர். கபீர் வழியில் நடந்தவர், மதுவைத் தொடாதவர். இடம் இல்லாத வீட்டில் அவர் நேரத்தைக் கொண்டு இடத்தை உண்டாக்கினார். மாலையில் மகனைச் சீக்கிரம் தூங்க வைப்பார். தான் இரவு இரண்டு மணி வரை விழித்திருப்பார். வீடு முழுவதும் உறங்கும் அந்த நேரத்தில் மகனை எழுப்பிவிட்டு, அவன் படுத்திருந்த இடத்தில் தான் படுத்துக்கொள்வார். மகன் விளக்கின் முன் உட்கார்ந்து விடியும் வரை படிப்பான். புத்தகம் வாங்கக் காசு இல்லாதபோது, மணமாகிப் போன மகள்களிடம் கடன் கேட்பார். அவர்களுடைய நகையை அடகு வைத்துப் புத்தகத்தோடு வீட்டுக்கு வருவார்.

எல்பின்ஸ்டன் உயர்நிலைப் பள்ளியில் படித்து 1907இல் மெட்ரிகுலேஷன் தேர்ச்சி பெற்றார் பீமராவ். மதிப்பெண் 750க்கு 282. மாணவர்கள் இந்த எண்ணை மனதில் குறித்துக்கொள்ளுங்கள். நாம் கொண்டாடும் அந்தப் பேரறிஞர் அன்று எடுத்தது நாற்பது சதவீதத்துக்கும் கீழே. சமஸ்கிருதம் படிக்க விரும்பியவருக்குச் சாதியைக் காட்டி அது மறுக்கப்பட்டது; பாரசீகம் எடுத்துக்கொண்டார். இருந்தும் படிப்பை நிறுத்தவில்லை. 1912இல் பி.ஏ. முடித்தார். அடுத்த ஆண்டு பிப்ரவரியில் தந்தை இறந்துபோனார்.

நியூயார்க்கில் சறுக்கலும் எழுச்சியும்

பரோடா மன்னர் சாயாஜிராவ் தந்த உதவித்தொகையில் 1913இல் நியூயார்க் போனார். கொலம்பியா பல்கலைக்கழகத்தில் சேர்ந்தார். பிறந்ததிலிருந்து முதல்முறையாக யாரும் தள்ளி உட்காரச் சொல்லாத ஊர். கூடிச் சாப்பிடலாம், கூடி விளையாடலாம். முதல் சில மாதங்கள் நண்பர்களோடு அப்படியே கழிந்தன. படிப்பில் மனம் ஊன்றவில்லை. பிறகு அவருக்கே உறைத்தது. தன்னை அனுப்ப எத்தனை பேர் வயிற்றைக் கட்டினார்கள், தன்னைப் போல் ஒருவனாவது கல்லூரி வாசலை மிதிக்கக் கிடைக்காத கூட்டம் ஊரில் எவ்வளவு என்று எண்ணிப் பார்த்தார். அதன் பிறகு கேளிக்கையை ஒதுக்கினார்.

உதவித்தொகைக்கு மூன்று ஆண்டுதான் காலம். அதற்குள் கிடைக்கும் எல்லாவற்றையும் அள்ளிக்கொள்ளத் துணிந்தார். பொருளாதாரத்தில் 29 பாடங்கள், வரலாற்றில் 11, சமூகவியலில் 6, தத்துவத்தில் 5, மானுடவியலில் 4, அரசியலில் 3, பிரெஞ்சிலும் ஜெர்மனிலும் ஒவ்வொன்று என 60 பாடங்களில் உட்கார்ந்தார். பழைய புத்தகக் கடைகளில் மிச்சக் காசைச் செலவழித்தார். தன் கையிலிருந்த பணத்திலிருந்தே வீட்டுக்கும் அனுப்பினார்.

பிறகு லண்டன். படிப்பு பாதியில் இருக்கும்போதே உதவித்தொகைக் காலம் முடிந்து 1917இல் ஊர் திரும்ப வேண்டியதாயிற்று. போர்க்காலம். அவர் தனியே அனுப்பிய புத்தக மூட்டைகளை ஏற்றிவந்த கப்பல் தாக்கப்பட்டு மூழ்கியது. பரோடாவில் வேலைக்குப் போனால் தங்க வாடகை அறை கிடைக்கவில்லை. அலுவலகத்தில் கடைநிலை ஊழியர் கோப்புகளைத் தொடாமல் தூர எறிந்தார். இத்தனைக்கும் பிறகு ஒருவர் சோர்ந்து உட்கார்ந்திருந்தால் யாரும் குறை சொல்லியிருக்க மாட்டார்கள். அவர் பம்பாய் சிடன்ஹாம் கல்லூரியில் பேராசிரியராகச் சேர்ந்து, சிக்கனமாக வாழ்ந்து, சம்பளத்தில் மிச்சம் பிடித்தார். நண்பர் நவல் பதேனாவிடம் கடன் வாங்கினார். கோலாப்பூர் மன்னர் ஷாகுவும் உதவினார். 1920இல் விட்ட இடத்திலிருந்து தொடர மீண்டும் லண்டன் போனார்.

நான்கு அப்பளமும் ஒரு கோப்பைப் பாலும்

அந்த லண்டன் நாட்களின் கணக்கு இது. விடுதியில் காலையில் ஒரு துண்டு ரொட்டி, கொஞ்சம் ஜாம், ஒரு கோப்பைச் சூடான சாறு. அதோடு பிரிட்டிஷ் அருங்காட்சியக நூலகத்துக்கு முதல் ஆளாகப் போய்விடுவார். மாலையில் மூடும் வரை எழுந்திருக்க மாட்டார். பேருந்துக் கட்டணத்தை மிச்சப்படுத்த நடந்தே திரும்புவார். இரவுச் சாப்பாடும் அரை வயிற்றுக்குத்தான். பத்து மணிக்கெல்லாம் பசி கிள்ளும். தெரிந்த குஜராத்தி ஒருவர் தந்திருந்த அப்பளக் கட்டு கையில் இருந்தது. அதில் நாலு அப்பளத்தைத் தகரத் தட்டில் சுட்டுத் தின்று, ஒரு கோப்பைப் பால் குடித்துவிட்டு, மறுபடி புத்தகத்தில் உட்கார்ந்தால் பொழுது விடியும் நேரம் ஆகிவிடும்.

1922 அக்டோபரில் ரூபாயின் சிக்கல் பற்றிய தன் ஆய்வேட்டைக் கொடுத்தார். தேர்வாளர்கள் அதை அப்படியே ஏற்கவில்லை; சில பகுதிகளைத் திருத்தி எழுதச் சொன்னார்கள். கையில் பணமோ தீர்ந்துவிட்டது. பம்பாய் திரும்பி, திருத்தி எழுதி, மீண்டும் அனுப்பினார். 1923 நவம்பரில் டி.எஸ்சி. பட்டம் உறுதியானது. அரையணாவைப் பார்த்து வெட்கப்பட்ட பையன், ஒரு நாட்டின் நாணயத்தைப் பற்றி நூல் எழுதியவராக ஆகியிருந்தார்.

அந்தக் கட்டுப்பாட்டின் விலை

இங்கே ஒன்றைச் சொல்லாமல் விட்டால் கதை பொய்யாகிவிடும். அவர் நூலகத்தில் உட்கார்ந்திருந்த நேரத்தில் பம்பாயில் வீட்டைச் சுமந்தவர் ராமாபாய். வறுமையோடு மல்லுக்கட்டினார். பெற்ற ஐந்து பிள்ளைகளில் நான்கு பிள்ளைகளைப் பறிகொடுத்தார். யஷ்வந்த் ஒருவரே மிஞ்சினார். 1935 மே 27 அன்று ராமாபாய் மறைந்தார். ஐந்து ஆண்டுகள் கழித்து வெளிவந்த, பாகிஸ்தான் பற்றிய தன் நூலை அம்பேத்கர் அவருடைய நினைவுக்கே காணிக்கையாக்கினார். ஒருவரின் தன்னொழுக்கம் தனிமனித வீரம் மட்டும் அல்ல. இரவு இரண்டு மணி வரை விழித்திருந்த தந்தை, நகையைக் கழற்றிக் கொடுத்த அக்காக்கள், பட்டினியைப் பங்கு போட்டுக்கொண்ட மனைவி ஆகியோரின் கட்டுப்பாடும் அதில் சேர்ந்திருக்கிறது.

மகாத்தில் அடங்கிய கைகள்

1927 மார்ச்சில் மகாத்தில் நடந்த மாநாட்டில் தம் மக்களிடம் அவர் வைத்த வேண்டுகோள்கள் அன்றாட வாழ்வைப் பற்றியவை. செத்த மாட்டின் இறைச்சியை விடுங்கள், இழிவைச் சுமந்து வரும் பழக்கங்களை உதறுங்கள், பிள்ளைகளைப் படிக்க வையுங்கள் என்பதே அவற்றின் சாரம். மார்ச் 20 அன்று ஆயிரக்கணக்கானோர் வரிசை குலையாமல் சௌதார் குளத்துக்கு நடந்துபோய்த் தண்ணீர் அருந்தினார்கள். பொது நீரைத் தொட்டதற்காக, கலைந்து போய்க்கொண்டிருந்தவர்கள் மேல் தடியடி விழுந்தது. பெண்களும் குழந்தைகளும் அடிபட்டார்கள்.

அன்று அவரைச் சுற்றி, ராணுவத்தில் இருந்து ஆயுதம் பழகிய நம்மவர்கள் கண் சிவந்து நின்றார்கள். அவர் ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் போதும். அவர் சொல்லவில்லை, அமைதி காக்கச் சொன்னார். அதற்காகப் பணிந்து போகவும் இல்லை. காவல்துறையில் புகார், நீதிமன்றத்தில் வழக்கு என்று போனார். குளம் பற்றிய வழக்கு 1937இல் பம்பாய் உயர் நீதிமன்றத்தில் வெற்றியில் முடிந்தது. பத்து ஆண்டு பொறுமை அது.

ஒழுங்காக இரு, அடங்கி இரு என்று நம் தெருக்களைப் பார்த்து மற்றவர்கள் சொல்வது உண்டு. அது வேறு. அது அடுத்தவன் போடும் கடிவாளம். அம்பேத்கர் காட்டியது, தன் கோபத்தைத் தன் கையில் வைத்துக்கொண்டு, அது எங்கே செல்லுமோ அங்கே செலுத்தும் கட்டுப்பாடு. இரண்டையும் ஒன்றாக நினைத்துக் குழப்பிக்கொள்ளக் கூடாது.

கடைசி இரவு வரை

1947இல் அமைந்த அரசியல் சட்ட வரைவுக் குழுவில் ஏழு பேர். ஒருவர் விலகினார், ஒருவர் இறந்தார், ஒருவர் அமெரிக்காவில் இருந்தார், மற்றவர்கள் வேறு வேலைகளிலும் டெல்லிக்கு வெளியிலும் இருந்தார்கள். கடைசியில் சுமை முழுவதும் அம்பேத்கரின் தோளில் விழுந்தது என்று அவையிலேயே எடுத்துச் சொன்னவர் நம் டி.டி. கிருஷ்ணமாச்சாரி. நீரிழிவு உடலை அரித்துக்கொண்டிருந்த காலம் அது. 1949 நவம்பர் 26 அன்று சட்டம் நிறைவேறும் வரை அவர் இருக்கையை விட்டு நகரவில்லை.

1956 அக்டோபர் 14 அன்று நாக்பூரில் லட்சக்கணக்கானோரோடு பௌத்தம் ஏற்றார். அன்று எடுத்துக்கொள்ளச் செய்த 22 உறுதிமொழிகளில் திருடாமை, பொய் பேசாமை, மது அருந்தாமை ஆகியவையும் உண்டு. தானே மதுவும் புகையும் தொடாதவர் என்பதால் அதைச் சொல்லும் தகுதி அவருக்கு இருந்தது. அவர் பெயரில் நற்பணி மன்றம் வைத்திருக்கும் இளைஞர்கள், ஏப்ரல் 14 அன்று இந்த ஓர் உறுதிமொழியையாவது கடைப்பிடித்தால், கட் அவுட் இன்னும் கொஞ்சம் சிறிதாக இருந்தாலும் பரவாயில்லை.

டிசம்பர் 5 இரவு, புத்தரைப் பற்றிய தன் நூலின் முன்னுரையைச் சரிபார்க்கப் பக்கத்தில் எடுத்து வைக்கச் சொன்னார். மறுநாள் காலை அவர் எழுந்திருக்கவில்லை.

அவரைப் போல் ஒரு நாளில் பதினெட்டு மணி நேரம் படிக்க வேண்டும் என்று எந்தப் பிள்ளையையும் மிரட்டத் தேவையில்லை. அவரும் ஓடிப்போகப் பார்த்தவர்தான். நியூயார்க்கில் பொழுதை வீணாக்கியவர்தான். தவறியதை அவரே கண்டுகொண்டார், திரும்பினார், அடுத்த நாளும் அதே நேரத்துக்கு உட்கார்ந்தார். ஒற்றை அறை வீடுகள் இன்றும் நம் ஊர்களில் இருக்கின்றன. இரவில் ஒரு மணி நேரம் தொலைக்காட்சியை அணைத்து, கைபேசியை அலமாரியில் வைத்து, அந்த நேரம் பிள்ளையின் நேரம் என்று பெற்றோர் காவல் இருந்தால், அதுவே ராம்ஜி சக்பால் செய்த வேலை. அதற்கு அரையணாகூடச் செலவில்லை.