ஜ்யோதிஷ்குடி கண்ட பிள்ளை லோகாசாரியர்

மதுரை மாநகரிலிருந்து மேலூர் செல்லும் பெருவழியில், ஒத்தக்கடையை நெருங்கும்போதே, படுத்த யானை போல் ஒரே பாறையாய் நீண்டு கிடக்கும் ஆனைமலை கண்ணுக்குப் புலனாகும். அதன் அடிவாரத்தில் நரசிங்கப் பெருமாளுக்குக் குடைவரைக் கோயில் எடுத்தவன், பாண்டியன் நெடுஞ்சடையன் பராந்தகனுக்கு அமைச்சனாயிருந்த மாறங்காரி. 770-ஆம் ஆண்டுக் கல்வெட்டு இச்செய்தியை இன்றும் உரைக்கின்றது. அதே மலையில் சமண முனிவரின் கற்படுக்கைகளும், பழந்தமிழ் எழுத்துகளும், தீர்த்தங்கரர் திருவுருவங்களும் உள்ளன. உலகம் எதனால் ஆயது, உயிர் என்பது யாது, அவற்றுக்கு மேல் ஒருவன் உளனா என்னும் வினாக்களுக்கு வெவ்வேறு விடை கண்டவர்கள் ஒரே பாறையின் நிழலில் தங்கியிருந்தனர். இம்மலையை அடுத்த கொடிக்குளம் என்னும் சிற்றூரே நம் பெரியோர் ஜ்யோதிஷ்குடி என்று போற்றும் தலம். அவ்வினாக்களை ஒருசேர எடுத்து ஆராய்ந்த பிள்ளை லோகாசாரியர் திருநாட்டுக்கு எழுந்தருளியது இங்கேதான்.

அவர் அவதரித்தது திருவரங்கத்தில், 13-ஆம் நூற்றாண்டில், ஐப்பசித் திருவோணத்தில். தந்தையார் வடக்குத் திருவீதிப் பிள்ளை. லோகாசாரியர் என்பது அத்தந்தையின் ஆசாரியரான நம்பிள்ளைக்கு வழங்கிய பட்டம். குருவிடம் கொண்ட பக்தியால் அதனையே மகனுக்குப் பெயராக இட்டார். தம்பி அழகிய மணவாளப் பெருமாள் நாயனார், ஆசார்ய ஹ்ருதயம் அருளியவர். உடன்பிறந்தார் இருவருமே இல்லறம் புகாமல் நூற்பணியிலேயே வாழ்நாளைக் கழித்தனர்.

அக்காலம் வரை திருமந்திரம், த்வயம், சரமச்லோகம் ஆகியவற்றின் உட்பொருள் பெரும்பாலும் ஆசாரியன் திருவாயிலிருந்து சீடன் செவிக்கே சென்று வந்தது. அதனை ஏட்டில் ஏற்றி, வடமொழி நூற்பயிற்சி இல்லாதாரும் கற்கும்படி எளிய மணிப்பிரவாளத்தில் பதினெட்டு ரஹஸ்ய நூல்களாக வகுத்தவர் இவர். முமுக்ஷுப்படியும் ஸ்ரீவசனபூஷணமும் அவற்றுள் பெயர் பெற்றவை. நாம் இங்கே சற்று நின்று நோக்க விரும்புவது தத்துவத்ரயம் என்னும் நூலை.

சித்து, அசித்து, ஈச்வரன் என மூன்றே பொருள்கள். அவற்றின் இயல்பைக் கூறுவதே அந்நூல். அறிகின்ற ஆன்மா சித்து. அறிவற்ற உலகப் பொருள் அசித்து. இரண்டையும் உடலாகக் கொண்டு உள்நின்று இயக்குபவன் ஈச்வரன். ஆன்மா உடலினும் வேறு என்பதை நிலைநாட்ட ஆசாரியர் முதலில் மறைமொழியைத் துணைக்கு அழைக்கவில்லை. நம் அன்றாட அனுபவத்தையே சாட்சியாக்குகிறார். உடலையும் மனத்தையும் உயிர்மூச்சையும் என்னுடையது என்றே நாம் சொல்லுகிறோம். உடையது வேறு, உடையவன் வேறு. உடலும் பொறிகளும் பல. நான் என்னும் உணர்வோ ஒன்று. ஆன்மா அணுவளவினதாயினும், ஓரிடத்து விளக்கின் ஒளி அறை முழுதும் பரவுவது போல் அதன் அறிவு உடல் முழுதும் பரவுதலால், காலில் தைத்த முள்ளின் வலியை அறிகிறது. அசித்துப் பகுதியில் மூலப்பிரகிருதி தொடங்கி மண் ஈறாக 24 தத்துவங்களையும், காலத்தையும், நீர்க்குமிழிகளெனத் தோன்றும் எண்ணிறந்த அண்டங்களையும் விவரிக்கிறார்.

இவ்விடத்தில் ஓர் எச்சரிக்கை அவசியம். இக்குமிழி அண்டங்களை இக்கால வானநூலாரின் பல்பேரண்டக் கருத்தோடும், 24 தத்துவங்களை வேதியியலாரின் 118 தனிமங்களோடும் பொருத்திக்காட்டி மகிழ்வோர் நம்முள் உண்டு. அது அறிவியலுக்கும் நியாயமன்று, ஆசாரியருக்கும் பெருமையன்று. ஏனெனில் அதே நூலில் அவர் பரமாணுக்களே உலகுக்குக் காரணம் என்னும் கொள்கையை மறுக்கிறார். பகுக்கவியலாத, கண்ணுக்கெட்டாத நுண்துகள் உண்டு என்பதற்குப் பிரமாணம் இல்லை என்பதும், மறையோடு அது முரணும் என்பதும் அவர் கூறும் காரணங்கள். அணு உண்டென்று இன்று பள்ளிச் சிறுவனும் அறிவான். ஆயினும் 19-ஆம் நூற்றாண்டின் இறுதியில் கூட மாக் போன்ற ஐரோப்பிய அறிஞர், காணாத அணுவை ஏற்பதெங்ஙனம் என்று இதே கேள்வியைத்தான் எழுப்பினர். 1908-இல் பிரான்சு நாட்டுப் பெரான், நீரில் மிதக்கும் நுண்துகள்களின் ஓயா அசைவை அளந்து காட்டிய பின்னரே ஐயம் அகன்றது. மூன்றாண்டு கழித்து, 1911-இல், ரதர்போர்டு அணுவுக்குள் ஒரு கரு உண்டென்று கண்டார். பகுக்கவியலாதது என்ற பழைய இலக்கணமும் போயிற்று. ஆசாரியரின் முடிவை அறிவியல் ஏற்கவில்லை. பிரமாணம் எங்கே என்று அவர் கேட்ட கேள்வியை ஏற்றுத்தான் அது வளர்ந்தது.

அவர் வாழ்ந்த அதே நூற்றாண்டில் மேல்நாட்டிலும் இதே பிணக்கு மூண்டிருந்தது. கிரேக்க அரிஸ்டாட்டிலின் இயற்கை நூல்களை மதத்தோடு இசைவிக்கத் தாமஸ் அக்குவினாஸ் முயன்றார். அவர் மறைந்த மூன்றாம் ஆண்டில், 1277-இல், பாரிஸ் நகரத்து ஆயர் 219 கருத்துகளைக் கற்பிக்கலாகாதெனத் தடை விதித்தார். திருவரங்கத்து ஆசாரியரோ பிறர் மதத்தைத் தம் நூலுள்ளேயே எடுத்துரைத்து, காரணம் காட்டி மறுப்பதோடு நின்றார்.

ஏட்டில் எழுதிய தத்துவத்தை வாழ்ந்து காட்ட வேண்டிய நாள் 1323-இல் வந்தது. உலூக்கான் தலைமையில் தில்லிப் படை திருவரங்கத்தை நெருங்கிற்று. மூலவரான பெரிய பெருமாளின் சந்நிதியைக் கல்லால் மறைத்துவிட்டு, உற்சவரான நம்பெருமாளையும் நாச்சிமாரையும் பல்லக்கில் எழுந்தருளப் பண்ணிக்கொண்டு லோகாசாரியர் சிறு பரிவாரத்தோடு தெற்கே புறப்பட்டார். அப்போது அவர் நூறு பிராயம் கடந்தவர் என்பது சம்பிரதாயம். காட்டுவழியில் கள்வர் சூழ்ந்து திருவாபரணங்களைப் பறித்தனர். ஆசாரியர் தம்மிடம் இருந்ததையும் கொடுத்துவிட்டுப் பெருமாளோடு வழி நடந்தார்.

அசித்து இன்னதென்று அணுவணுவாய் வகுத்துரைத்தவர் அவர். திருமேனி உலோகத்தாலானது என்பதை அவரினும் நன்கறிந்தவர் யார்? ஆயின் ஈச்வரன் கொள்ளும் ஐந்து நிலைகளுள் அர்ச்சையும் ஒன்று என்றும், அதில் அவன் தன் பெருமையை மறைத்து, நீராடவும் உண்ணவும் காக்கப்படவும் அடியாரையே எதிர்பார்த்து நிற்கிறான் என்றும் எழுதியவரும் அவரே. உலகைக் காப்பவனைக் கிழவர் ஒருவர் காத்துக்கொண்டு காடு கடந்த அந்நாட்களில், தத்துவத்ரயத்தின் மூன்று பொருள்களும் ஒரே பல்லக்கைச் சுற்றி நின்றன என்று சொல்லத் தோன்றுகிறது.

ஜ்யோதிஷ்குடியை அடைந்து பெருமாளை மறைவாக எழுந்தருளப் பண்ணியிருந்த காலத்தில் ஆசாரியர் உடல் தளர்ந்தார். நூலைத் தமக்குப்பின் யார் கற்பிப்பார் என்பதே அவருடைய கவலையாயிருந்தது. மதுரைக்குக் கிழக்கே கொந்தகையில் பிறந்து, பாண்டியர் அரசில் அமைச்சராயிருந்த திருமலையாழ்வாரை எப்படியேனும் இவ்வழிக்குக் கொணர்க என்று கூரகுலோத்தம தாசர் முதலான சீடர்களுக்குக் கட்டளையிட்டுத் திருநாடு அலங்கரித்தார். கொடிக்குளம் வேதநாராயணப் பெருமாள் கோயிலுக்குச் செல்லும் அன்பர்கள் அவருடைய திருவரசையும் சேவிக்கலாம்.

அந்தக் கொந்தகையை இன்று உலகம் வேறு காரணத்தால் அறிகிறது. 2020 முதல் கீழடி அகழாய்வின் பகுதியாக அங்கே முதுமக்கள் தாழிகள் தோண்டியெடுக்கப்பட்டன. அவற்றிற் கிடைத்த எலும்புகளின் மரபணுக்களை மதுரை காமராசர் பல்கலைக்கழகத்தார் ஆராயத் தொடங்கினர். அவ்வுடல்கள் யாருடையவை என்று அவர்கள் தேடுகின்றனர். உடலை உடையவன் யார் என்பது அவ்வூர் அமைச்சர் கற்கப்போன பாடம்.

பல்லக்கில் நகர்வலம் வந்த திருமலையாழ்வாரைக் கூரகுலோத்தம தாசர் விடாது தொடர்ந்து, திருவிருத்தத்தின் சுவையைக் காட்டி ஈர்த்தார். அமைச்சர் பதவியைத் துறந்தார். திருவாய்மொழிப் பிள்ளை என்று பெயர் பெற்று ஆழ்வார்திருநகரி சென்றார். அவர் திருவடியில் கற்றவரே 1370-இல் தோன்றிய மணவாள மாமுனிகள். தத்துவத்ரயத்துக்கு விரிவான வியாக்கியானம் அருளியவரும் அவரே. நம்பெருமாளோ ஜ்யோதிஷ்குடியிலிருந்து திருமாலிருஞ்சோலைக்கும், மலையாள நாட்டுக்கும், திருநாராயணபுரத்துக்கும், திருமலைக்கும் எழுந்தருளி, 48 ஆண்டுகள் கழித்து 1371-இல் கோபணாரியர் உடன்வரத் திருவரங்கம் சேர்ந்தார்.