திரையுலகின் முன்னோடி பி. கே. ரோஸி

திருவனந்தபுரத்தில் ஒடுக்கப்பட்ட புலையர் குலத்தில் 1903ஆம் ஆண்டு பிறந்தவர் ராஜம்மா. காக்காரிசி நாடகத்தில் பயின்ற அவர், பி. கே. ரோஸி என்னும் பெயருடன், அகஸ்தீஸ்வரம் ஜே. சி. டேனியல் இயக்கிய ‘விகதகுமாரன்’ ஊமைப்படத்தில் நடித்தார். மலையாளத்தின் முதற்படம் அதுவே.

அதில் அவர் ஏற்றது சரோஜினி என்னும் நாயர் குலப் பெண்ணின் வேடம். கேப்பிட்டல் அரங்கில் படம் திரையிடப்பட்டபோது மேல்சாதியார் வெகுண்டெழுந்தனர். திரைமீது கற்கள் வீசப்பட்டன. அவருடைய குடிசையும் தீக்கிரையாயிற்று. நடிப்பில் குறை கண்டு எவரும் கல்லெறியவில்லை, பிறப்பே குற்றமாயிற்று.

தமிழகம் புகுந்த அவர், கலைவாழ்வைத் துறந்து ராஜம்மாளாகவே வாழ்ந்து மறைந்தார். படத்தின் பிரதியும் எஞ்சவில்லை. 2013இல் மலையாள இயக்குநர் கமலின் ‘செல்லுலாய்ட்’ திரைப்படமே அவ்வரலாற்றைப் பலரறியச் செய்தது.

மாரமங்கலத்து மாணவச் செல்வங்கள் மேடையேறுந்தோறும் இப்பெயரை நினைத்தல் வேண்டும். நம்மவர் வரலாற்றை நாமே எழுதி வைக்கும் ஆற்றலைப் பெறுவதும் கல்வியின் பயனேயாம்.