விரல் ரேகைக்குக் கணக்கு வகுத்தவர்

ஒருவருடைய விரல் ரேகை மற்றொருவருக்கு அமைவதில்லை என்பதை நாம் அறிவோம். ஆனால் பல்லாயிரம் ரேகைத் தாள்களுக்கிடையே நமக்கு வேண்டிய ஒன்றைத் தேடி எடுப்பது எப்படி? இதற்கு வழி கண்டவர்களுள் முதன்மையானவர் வங்காளத்துக் கணித மாணவர் ஒருவர். அவரே காஜி அஜிசுல் ஹக்.

இன்று வங்கதேசத்தில் உள்ள குல்னா பகுதியின் சிற்றூர் ஒன்றில் 1872-ஆம் ஆண்டு அவர் பிறந்தார். இளமையிலேயே பெற்றோரை இழந்தார். பன்னிரண்டு வயதில் வீட்டை விட்டுக் கல்கத்தா சேர்ந்தார். அங்கே ஒரு குடும்பம் ஆதரவு தந்தது. படிப்பில் முன்னேறி, பிரசிடென்சி கல்லூரியில் கணிதமும் அறிவியலும் பயின்றார். கணிதத்தில் தேர்ந்த மாணவர் ஒருவரை வங்காளப் போலீஸ் தலைவர் எட்வர்டு ஹென்றி தேடியபோது, ஹக்குக்கு அந்த வேலை கிடைத்தது.

அக்காலத்தில் குற்றவாளிகளை அடையாளம் காணத் தலை, கை, கால் முதலிய உறுப்புகளை அளந்து குறித்து வைத்தனர். அளப்பவர் மாறினால் அளவும் மாறியது! ரேகையோ மாறுவதில்லை. 1858-லேயே வில்லியம் ஹெர்ஷல் என்ற அதிகாரி வங்காளத்தில் ஓர் ஒப்பந்தத்தில் கைப்பதிவு வாங்கியிருந்தார். 1892-இல் கால்டன் ரேகைகளைப் பற்றி நூலும் எழுதினார். ஆயினும் பெருந்தொகையான தாள்களை வரிசைப்படுத்த எளிய முறை இல்லை. அந்தக் குறையைத்தான் ஹக்கின் கணக்கு தீர்த்தது.

நம் ஊர்ப் பெரியவர்கள் விரலைப் பார்த்துச் சங்கு ரேகை, சக்கர ரேகை என்பார்கள் அல்லவா? அந்தச் சக்கரமே இங்கும் அடிப்படை. பத்து விரல்களையும் வலது பெருவிரல் தொடங்கி வரிசையாக ஐந்து இணைகளாக்க வேண்டும். இணைகளின் மதிப்பு முறையே 16, 8, 4, 2, 1. சக்கரம் உள்ள விரலுக்கு அதன் இணையின் மதிப்பு உண்டு; மற்றவற்றுக்குச் சுழியம். ஒவ்வோர் இணையிலும் இரண்டாம் விரல்களின் மதிப்பைக் கூட்டி ஒன்று சேர்த்தால் தொகுதி. முதல் விரல்களுக்கு அவ்வாறே செய்தால் பகுதி. வலது பெருவிரலில் மட்டும் சக்கரம் இருந்தால் 1/17. பத்திலும் இருந்தால் 32/32. ஆக 32 x 32 = 1024 அறைகள். கணிதம் படிக்கும் எனக்கு இது இரண்டின் பத்தாம் அடுக்கு என்று தெரிந்தபோது மெய்சிலிர்த்தது.

1897-இல் கல்கத்தாவில் விரல் ரேகைக் கூடம் தொடங்கியது. 1901-இல் இம்முறை லண்டன் ஸ்காட்லாந்து யார்டுக்குச் சென்றது. அங்கிருந்து உலகெங்கும் பரவியது. ஆனால் எந்தப் பெயரால்? ஹென்றி முறை என்ற பெயரால்! 1900-இல் வெளியான நூலும் ஹென்றியின் பெயரையே தாங்கியது. ரேகைக் குறிப்பைத் தந்தியில் அனுப்பச் சங்கேத முறை வகுத்த உடன்பணியாளர் ஹேம சந்திர போசும் அவ்வாறே மறைந்து நின்றார்.

பல்லாண்டுகளுக்குப் பின் ஹக் அரசிடம் விண்ணப்பித்தபோது, அவருடைய பங்கே பெரிது என்று ஹென்றி ஒப்புக்கொண்டார். கான் பகதூர் பட்டமும் 5,000 ரூபாயும் கிடைத்தன. 1935-இல் பீகாரின் மோதிஹாரியில் அவர் காலமானார். பிரிட்டனின் விரல் ரேகைக் கழகம் பின்னாளில் ஹக், போஸ் இருவர் பெயராலும் ஒரு பரிசை நிறுவியது. முறையின் பெயர் மட்டும் இன்னும் மாறவில்லை.

எங்கள் சிறுவாச்சூரில் எழுதத் தெரியாதவரைக் கைநாட்டு என்று ஏளனமாகச் சொல்வதுண்டு. என் பாட்டியும் கைநாட்டுதான். கையெழுத்தைப் பார்த்து எழுதிவிடலாம். அவருடைய பெருவிரலை யார் எழுத முடியும்? எழுத்தறியாத ஏழையின் விரலும் அவருக்கே உரிய சான்று என்று காட்டியது அறிவியல். யாருடைய விரல் என்று கண்டுபிடிக்க வழி சொன்னவருக்கு, அது யாருடைய வழி என்று சொல்லி நன்றி காட்ட வேண்டியது படித்த நம் கடமையாகும்.